எல்.பி.யிலிருந்து பதிந்த பாட்டு

எங்கள் ஊர் பேருந்து நிலையத்துக்கு எதிரே 1980களில் ஒரு பாட்டுப் பதிவுக் கடை இருந்தது. ஆறடிக்கு எட்டடி இடம். சுவர் முழுக்க எல்.பி. இசைத்தட்டு அட்டைகள், மேசைமேல் ஒரு டர்ன்டேபிள், இரண்டு டேப் டெக்குகள். வேண்டிய பாட்டுகளைத் தாளில் எழுதி, 60 நிமிட கேசட் ஒன்றையும் சேர்த்துக் கொடுத்துவிட்டு வந்தால் இரண்டு நாளில் கடைக்காரர் பதிந்து வைத்திருப்பார். பட்டியலைக் கையில் வாங்கியதும் அவர் கேட்கும் முதல் கேள்வி எப்போதும் ஒன்றுதான்: "எல்.பி.லேருந்து பதியணுமா தம்பி, கேசட்லேருந்தே போதுமா?" எல்.பி. என்றால் பாட்டுக்கு எட்டணா கூட. "எல்.பி.லேருந்தே பதிங்கண்ணே" என்று சொல்வதற்காக நான் பல நாள் பேருந்துக் காசை மிச்சம் பிடித்து நடந்து வந்திருக்கிறேன்.

லாஸ்லெஸ் (இழப்பற்றது) என்ற சொல் அன்று அந்தத் தெருவில் யாருக்கும் தெரியாது. ஆனால் அதற்குள்ளிருக்கும் விஷயம் எல்லோருக்கும் தெரிந்திருந்தது. கேசட்டிலிருந்து கேசட்டுக்குப் பதிந்தால் இரைச்சல் கூடும், ஜால்ரா மங்கும். அந்தப் பிரதியிலிருந்து இன்னொன்று எடுத்தால் இன்னும் மங்கும். மூன்றாவது கை மாறும்போது பாட்டு போர்வைக்குள்ளிருந்து கேட்பதுபோல் ஆகிவிடும். காந்த நாடாவில் எடுக்கும் ஒவ்வொரு பிரதியும் கொஞ்சம் தின்றுவிட்டுத்தான் மிச்சத்தைத் தரும்.

எண்களாக மாறிய ஒலிக்கு இந்த விதி இல்லை. எண்ணைப் பார்த்து எண்ணை எழுதினால் அதே எண்தான். லாஸ்லெஸ் என்பதன் முழுப் பொருளும் இதுதான்: மூலத்தில் இருந்த எண்கள் ஒன்றுகூட மாறாமல் நம்மிடம் வந்து சேர்கின்றன. பாட்டு நன்றாக ஒலிக்கும் என்று அது வாக்குக் கொடுக்கவில்லை. பிரதி பிசகாது என்பது மட்டும்தான் வாக்கு. இந்த இரண்டையும் குழப்பிக்கொள்வதால்தான் நம் படப்பாடல்களைப் பற்றிய பேச்சில் இத்தனை ஏமாற்றமும் இத்தனை வீண் செலவும்.

1982இல் விற்பனைக்கு வந்த சிடி, ஒலியை நொடிக்கு 44,100 முறை அளக்கிறது. இடது காதுக்கு ஒரு அளவு, வலது காதுக்கு ஒரு அளவு. ஒவ்வோர் அளவும் 16 பிட், அதாவது 65,536 படிகளில் ஒன்று. 44,100 என்ற விசித்திரமான எண்ணுக்குப் பின்னே ஒரு கதை உண்டு. ஆரம்ப நாட்களில் டிஜிட்டல் ஒலியைச் சேமிக்க வீடியோ நாடாவைத்தான் பயன்படுத்தினார்கள். திரையில் ஒரு புலத்துக்கு 245 கோடுகள், நொடிக்கு 60 புலங்கள், கோட்டுக்கு 3 எண்கள், பெருக்கினால் 44,100. வீடியோ பெட்டியின் கணக்கு அப்படியே நம் காதுக்கு வந்துவிட்டது.

"தொடர்ந்து ஓடும் ஒலியைத் துண்டு துண்டாக அளந்தால் நடுவில் இருப்பது போய்விடாதா?" என்பது நியாயமான கேள்வி. வாசலில் வைக்கும் புள்ளிக் கோலத்தை நினைத்துப் பாருங்கள். ஒரே புள்ளி வரிசையிலிருந்து அம்மா ஒரு கோலம் போடலாம், அத்தை வேறொன்று போடலாம். ஆனால் கோட்டின் வளைவுக்கு ஒரு வரம்பு உண்டு, அதைவிட வேகமாக வளையக் கூடாது என்று கட்டுப்பாடு விதித்துவிட்டால், அந்தப் புள்ளிகள் வழியே போடக்கூடிய கோலம் ஒன்றே ஒன்றுதான். ஹாரி நைக்விஸ்ட் 1928இலும் கிளாட் ஷானன் 1949இலும் எழுதிய கட்டுரைகளில் வலுப்பெற்ற தேற்றம் இது: மிக உயர்ந்த அதிர்வெண்ணைப் போல் இரு மடங்குக்கு மேல் அளந்தால் இடையில் எதுவும் தொலைவதில்லை. மனிதக் காது இளமையில் கேட்பது ஏறக்குறைய 20,000 ஹெர்ட்ஸ் வரை. அதன் இரு மடங்கு 40,000. சிடி அதைத் தாண்டிவிட்டது. ஐம்பதைத் தாண்டிய என் காதுக்கு அதில் பாதி போதும்.

ஐந்து நிமிடப் பாட்டு ஒன்றைக் கணக்குப் போட்டால் 2 கோடியே 64 லட்சத்து 60 ஆயிரம் எண்கள் வருகின்றன. ஏறக்குறைய 53 மெகாபைட். தொலைபேசிக் கம்பியில் இணையம் சொட்டிய காலத்தில் இதை யாரால் இறக்க முடியும்? சுருக்கியே ஆக வேண்டியிருந்தது. சுருக்குவதற்கு இரண்டு வழிகள் இருந்தன.

ஒன்று, வீட்டில் எழுதும் பால் கணக்கு. தினமும் ஒரு லிட்டர் பால் வாங்கும் வீட்டில் முப்பது நாளும் "1, 1, 1" என்று எழுதுவதில்லை. "தினம் 1, 8ஆம் தேதி அரை கூட, 21 இல்லை" என்று எழுதினால் போதும். மாதக் கடைசியில் ஒரு சொட்டும் பிசகாமல் கணக்கை மீட்டுவிடலாம். 2001இல் ஜோஷ் கோல்சன் வெளியிட்ட ஃபிளாக் என்னும் கோப்பு வடிவம் செய்வது இதைத்தான். ஒலி அலையில் அடுத்தடுத்த எண்கள் திடீரென்று தாவுவதில்லை. 1000, 1040, 1080 என்று வந்தால் அடுத்தது 1120 என்று ஊகிக்கலாம். உண்மையில் வந்தது 1123 என்றால், 3 என்ற பிழையை மட்டும் குறித்துக்கொள்கிறது. சிறிய எண்களைக் குறைந்த இடத்தில் எழுதுவதற்கு அது பயன்படுத்தும் முறை, நாசாவின் ஜெட் புரொபல்ஷன் ஆய்வகத்தில் ராபர்ட் ரைஸ் 1970களில் விண்கலங்கள் அனுப்பும் தரவுக்காக வகுத்தது. கேட்கும் நேரத்தில் ஊகத்தோடு பிழையைக் கூட்டினால் மூல எண் திரும்பி வந்துவிடுகிறது. 53 மெகாபைட் பாட்டு பெரும்பாலும் பாதிக்கும் முக்காலுக்கும் நடுவே எங்கோ வந்து நிற்கும். ஆப்பிள் நிறுவனத்தின் ஏலாக் வடிவமும் இதே குடும்பம்.

இரண்டாவது வழி எம்பி3. அதைப் புரிந்துகொள்ளக் கல்யாண வீட்டுக்குத்தான் போக வேண்டும். தாலி கட்டும் நொடியில் "கெட்டிமேளம், கெட்டிமேளம்" என்று குரல் எழும். தவிலும் நாதஸ்வரமும் உச்சத்துக்குப் போகும். அந்த நேரத்தில் யாராவது தும்மினாலும் அபசகுனமாக ஒரு சொல் சொன்னாலும் காதில் விழக்கூடாது என்பதற்காகவே அது என்று பெரியவர்கள் சொல்வார்கள். பேரொலி அருகிலுள்ள சிற்றொலியை மறைத்துவிடும் என்ற உளவியல் ஒலியியலை நம் கல்யாணச் சடங்கு எப்போதோ கையில் எடுத்துக்கொண்டது. ஜெர்மனியின் ஃபிரவுன்ஹோஃபர் நிறுவனத்தில் கார்ல்ஹைன்ஸ் பிராண்டன்பர்க்கும் அவருடைய சகாக்களும் இதே மறைப்பைக் கணிதமாக்கினார்கள். எப்படியும் காதில் விழாத தும்மலை எதற்குச் சேமிக்க வேண்டும்? எடுத்துவிடு. அரைகுறையாய் விழுவதைக் குறைந்த துல்லியத்தில் எழுது. இப்படிச் செய்து நொடிக்கு 128 கிலோபிட்டில் அந்த ஐந்து நிமிடப் பாட்டை ஐந்து மெகாபைட்டுக்குள் கொண்டுவந்துவிட்டார்கள். பதினோரு பங்கில் பத்துப் பங்கு போயும் பாட்டு பாட்டாகவே கேட்டது. மனிதக் காதை இவ்வளவு நெருக்கமாகப் படித்த வேலை அதற்கு முன் அரிது. எம்பி3யை மட்டமாகப் பேசுகிறவர்களோடு எனக்கு உடன்பாடு இல்லை.

ஆனால் அந்தக் கணிப்பு தவறும் இடங்கள் உண்டு. அவற்றில் பல நம் வாத்தியங்களுக்குள்ளேயே இருக்கின்றன. எம்பி3 ஒலியை 1,152 எண்கள் கொண்ட சட்டங்களாகப் பிரிக்கிறது. ஒரு சட்டம் ஏறக்குறைய 26 மில்லிநொடி. அமைதியாக இருந்த இடத்தில், சட்டத்தின் நடுவில் ஒரு பறை அடி விழுகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். துல்லியத்தைக் குறைத்து எழுதியதால் எழும் பிழை இரைச்சல் அந்தச் சட்டம் முழுவதும் பரவும். அடிக்குப் பின்னால் வரும் இரைச்சலை அடியே மறைத்துவிடும். முன்னால் வருவதை மறைக்க என்ன இருக்கிறது? ஓர் அடி தனக்கு முன்னால் வந்த ஒலியை மறைப்பது சில மில்லிநொடிகளுக்கு மேல் இல்லை. ஆகவே அடி விழுவதற்குச் சற்று முன்பே ஒரு "ஸ்ஸ்" கேட்கிறது. இதைத் தவிர்க்கத் தேவையான இடத்தில் சட்டத்தைச் சிறு துண்டுகளாக உடைக்கும் ஏற்பாடு எம்பி3யில் உண்டு. ஐரோப்பியர்கள் இதைச் சோதிக்க காஸ்டனெட் என்ற கைக்கட்டையின் ஒலியைப் பயன்படுத்தினார்கள். ஒற்றைக் கட்டை தப்பிவிடும். தவிலும் உருமியும் கடமும் சேர்ந்து நொடிக்குப் பத்துப் பன்னிரண்டு அடி விழும்போது, குறைந்த பிட் அளவில் துண்டுகளுக்கும் இடம் பற்றாமல் போகிறது. அடியின் நுனி மழுங்கிப்போகிறது.

ஜால்ராவும் சலங்கையும் இன்னொரு வகை. அவற்றின் உயிர் 10,000 ஹெர்ட்ஸுக்கு மேலே இருக்கிறது. ஒழுங்கான சுருதி கிடையாது, தூவிய மணல்போல் பரந்த ஒலி. 128 கிலோபிட்டில் எம்பி3 பொதுவாக 16,000 ஹெர்ட்ஸுக்கு மேலிருப்பதை வெட்டிவிடுகிறது. அதற்குக் கீழே மிஞ்சியதையும் சிக்கனமாக எழுதுகிறது. விளைவு, ஜால்ரா தண்ணீருக்குள் தட்டியதுபோல் சளசளக்கும். தம்புராவின் ஜீவா நூல் தரும் ரீங்காரமும் இப்படித்தான் வற்றும்.

பேஸ் கிதார் மட்டும் இந்தப் பட்டியலில் இல்லை. இளையராஜாவின் பாட்டுகளில் தனிக் கதையே சொல்லிக்கொண்டு போகும் அந்தக் கீழ்த்தட்டு ஓட்டத்தை எம்பி3 அநேகமாக முழுசாகவே காப்பாற்றிவிடுகிறது. "லாஸ்லெஸ்ஸில் கேட்டேன், பேஸ் இப்போதுதான் கேட்டது" என்று யாராவது சொன்னால், பெரும்பாலும் அவர் அன்று நல்ல ஹெட்ஃபோனில் கேட்டிருக்கிறார். கைபேசியின் சின்ன ஸ்பீக்கரில் கோப்பு எதுவானாலும் அந்த ஓட்டம் வெளியே வராது.

நானே என்னைச் சோதித்துப் பார்த்திருக்கிறேன். ஒரே சிடியிலிருந்து ஃபிளாக் ஒன்று, எம்பி3 ஒன்று. எது எது என்று தெரியாமல் கணினி மாற்றி மாற்றி ஒலிக்க, நான் சொல்ல வேண்டும். பாட்டு 'தளபதி' (1991) படத்திலிருந்து. 128 கிலோபிட் எம்பி3யை 20 முறையில் 19 முறை பிடித்தேன்; தாளக் கருவிகளின் நுனி காட்டிக்கொடுத்தது. 320 கிலோபிட்டுக்குப் போனபோது 20இல் 11. காசைச் சுண்டியிருந்தாலும் ஏறக்குறைய அதே எண்ணிக்கைதான் வந்திருக்கும். சிடியைவிட உயர்ந்த தரம் என்று விற்கப்படும் 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ் கோப்புகளைப் பற்றியும் இதே கதைதான். 2007இல் அமெரிக்காவின் பிராட் மேயர், டேவிட் மோரன் இருவரும் வெளியிட்ட ஆய்வில், உயர்தர ஒலியை நேராகவும் அதையே சிடி தரத்துக்கு இறக்கியும் மாற்றி மாற்றி ஒலிக்கவிட்டுக் கேட்டார்கள். 554 தடவையில் சரியாகச் சொன்னது 276. சரிபாதிக்கும் ஒன்று குறைவு.

அப்படியானால் 320க்கு மேல் எதற்கு? கேட்பதற்கு மட்டும் என்றால் அநேகமாகத் தேவையில்லை. வைத்துக்கொள்வதற்கு என்றால் தேவை. எம்பி3யை இன்னொரு வடிவத்துக்கு மாற்றும்போது மறுபடி ஒருமுறை தும்மல்கள் எடுக்கப்படுகின்றன; முன்பு எடுத்ததும் திரும்பி வருவதில்லை. கேசட்டிலிருந்து கேசட்டுக்குப் பதிந்த அதே பழைய நோய். புளூடூத் இயர்போனில் கேட்பவர்களுக்கு இது தினமும் நடக்கிறது. ஆப்பிள் மியூசிக் 2021இலும் ஸ்பாட்டிஃபை 2025இலும் லாஸ்லெஸ்ஸைக் கொடுக்கத் தொடங்கிவிட்டன. அங்கிருந்து ஒரு எண்ணும் பிசகாமல் கைபேசி வரை வந்த பாட்டை, கைபேசி கடைசி மூன்றடியில் மறுபடி சுருக்கித்தான் இயர்போனுக்கு அனுப்புகிறது. புளூடூத்தில் எல்லாக் கருவிக்கும் பொதுவான எஸ்பிசி முறை 328 கிலோபிட்டுக்கு மேல் போவது அரிது. லாஸ்லெஸ்ஸுக்குக் காசு கட்டுகிறவர்கள் முதலில் வாங்க வேண்டியது கம்பியுள்ள நல்ல இயர்போன் ஒன்று.

லாஸ்லெஸ் கோப்பில் எனக்கு மிகவும் பிடித்தது அதன் அளவு சொல்லும் உண்மைகள். விஸ்வநாதன்–ராமமூர்த்தி இசையமைத்த 'கர்ணன்' (1964) மோனோ காலத்துப் படம். பாடகர், கோரஸ், ஷெனாய், சாரங்கி என்று எல்லோரும் ஒரே கூடத்தில் ஒரே நேரத்தில் பாடியும் வாசித்தும் பதிந்த காலம் அது. ஒருவர் தவறினால் எல்லோரும் முதலிலிருந்து. அந்த மாதிரி மோனோ பாட்டு ஒன்று சிடியில் வரும்போது இடது எண்ணும் வலது எண்ணும் ஒன்றேதான். ஃபிளாக் இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தைப் பார்க்கிறது, எங்கும் பூஜ்யம். பூஜ்யத்தை எழுத இடமே வேண்டாம். கோப்பு பாதியாகச் சுருங்கிவிடுகிறது. 400 கிலோபிட் என்று காட்டும் அந்தப் பழைய பாட்டைப் பார்த்து, 1,000 காட்டும் புதுப் பாட்டைவிட மட்டம் என்று ஒதுக்குகிறவர்கள் இருக்கிறார்கள். அது குறை இல்லை. இரண்டு காதுக்கும் ஒரே குரல் என்பதற்கான சாட்சி. மோனோ என்று தெரிந்த பாட்டின் கோப்பு பெரிதாக இருந்தால்தான் சந்தேகப்பட வேண்டும்: யாரோ செயற்கை ஸ்டீரியோ ஏற்றியிருக்கிறார்கள், அல்லது தேய்ந்த இசைத்தட்டுப் பள்ளத்தின் இரு சுவர்களிலும் வெவ்வேறு கீறல்கள் இருந்திருக்கின்றன.

இன்றைய பாட்டுகளின் கோப்புகள் பெருத்திருப்பதற்கு முக்கியக் காரணம் சத்தம். அடுத்த பாட்டைவிட நம் பாட்டு உரக்கக் கேட்க வேண்டும் என்ற போட்டியில், மெல்லிய இடங்களை உயர்த்தி, உச்சிகளை நசுக்கிவிடுகிறார்கள். 65,536 படிகளும் பூஜ்யத்துக்கு மேலும் கீழுமாகப் பிரிவதால், 16 பிட்டில் எழுதக்கூடிய மிகப் பெரிய எண் 32,767. என்னிடம் பழைய சிடி ஒன்றும் அதே பாட்டின் பிந்தைய மறுவெளியீடு ஒன்றும் இருக்கின்றன. இரண்டும் லாஸ்லெஸ். பழையதில் அலை மலைத்தொடர்போல் ஏறி இறங்குகிறது. புதியதில் உச்சிகள் இருந்த இடத்தில் 32,767, 32,767, 32,767 என்று மொட்டையடித்த தட்டை வரிசை. புல்லாங்குழல் தனியாக வரும் இடமும் வயலின் கூட்டம் முழுதாய் எழும் இடமும் ஏறத்தாழ ஒரே சத்தம். ஒலிப்பொறியாளர் ஒருவர் கூடத்தில் உட்கார்ந்து கட்டிய தூரங்கள் அத்தனையும் கலைந்துவிட்டன. ஃபிளாக் அந்தக் கலைவை ஒரு எண்ணும் விடாமல் எனக்குக் கொடுத்தது. அந்தப் பாட்டின் பழைய சிடியை 320 எம்பி3 ஆக்கிக் கேட்டாலும் புதிய லாஸ்லெஸ்ஸைவிட எனக்கு நிறைவாக இருக்கிறது.

போலிகளும் உண்டு. எம்பி3யை எடுத்து ஃபிளாக் ஆக்கி வைத்துவிட்டால் கோப்பின் பெயரும் அளவும் லாஸ்லெஸ் ஆகிவிடும், போனது போனதுதான். அதிர்வெண்களை நிறமாக வரைந்து காட்டும் ஸ்பெக் போன்ற இலவச மென்பொருளில் திறந்து பாருங்கள். 16,000 ஹெர்ட்ஸில் கத்தியால் வெட்டியதுபோல் நேர்கோடு தெரிந்தால் அது எம்பி3யின் தழும்பு. காந்த நாடாவின் உயர் அதிர்வெண்கள் மங்குவது வேறு மாதிரி இருக்கும், சாயங்கால வெளிச்சம்போல் மெல்ல மெல்ல.

இதையெல்லாம் நான் கற்றுக்கொண்டதற்குக் காரணம் அந்தக் கடையில் பதிந்த கேசட்டுகள். 2011இல் அவற்றை 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸில் கணினிக்கு மாற்றத் தொடங்கினேன். காதுக்கு இவ்வளவு தேவையில்லை என்று மேலே நானே சொன்னேன். ஆவணக் காப்பாளர்களின் கணக்கு வேறு: பின்னால் இரைச்சல் நீக்க, வேகம் திருத்த என்று எண்களைப் பலமுறை புரட்டியெடுக்க வேண்டியிருக்கும்; ஒவ்வொரு முறையும் ஏற்படும் சின்னப் பிழை கேட்கும் எல்லைக்கு வெகு கீழேயே நிற்க, கூடுதல் பிட் இடம் கொடுக்கிறது. ஒலி ஆவணக் காப்பகங்களின் சர்வதேசச் சங்கமான ஐஏஎஸ்ஏ குறைந்தது 24 பிட், 48 கிலோஹெர்ட்ஸ் என்று வரையறுத்திருக்கிறது.

மாற்றும்போது ஒரு கேசட் குழப்பியது. மெதுவாகப் போகும் என்று தெரிந்த பாட்டெல்லாம் கொஞ்சம் பதற்றமாக ஓடின. சுருதிப் பெட்டியை வைத்துப் பார்த்தேன். அரைக் கட்டை கூட இருந்தது. கடையின் டேப் டெக் அன்று மெதுவாக ஓடியிருக்க வேண்டும். மெதுவாக ஓடும் நாடாவில் பதிந்ததைச் சரியான வேகத்தில் ஓட்டினால் சுருதி ஏறும். வேகத்தில் 6 விழுக்காடு பிசகு என்றால் அரைக் கட்டை. அந்தப் பாட்டுகளை நான் இருபது வருடம் தவறான சுருதியில் மனப்பாடம் செய்திருக்கிறேன். லாஸ்லெஸ்ஸாகப் பதிவேற்றியதால் அந்தத் தவறும் ஒரு மயிரிழை விலகாமல் ஏறிவிட்டது. எல்.பி.யின் ஊசி கீறலில் துள்ளும் "டக்" ஒலிகளும் கூடவே வந்துவிட்டன. இரண்டு கோப்புகளாக வைத்திருக்கிறேன்: நாடாவில் இருந்தபடியே ஒன்று, வேகம் திருத்தியது ஒன்று.

ஒவ்வொரு ஃபிளாக் கோப்புக்குள்ளும் மூல எண்கள் அத்தனையையும் பிழிந்து எடுத்த 128 பிட் முத்திரை ஒன்று இருக்கிறது. பாட்டை விரித்து மறுபடி பிழிந்து, இரண்டு முத்திரைகளும் பொருந்துகின்றனவா என்று பார்க்கலாம். ஒரே ஒரு எண் மாறியிருந்தாலும் பொருந்தாது. இதற்குள் அந்தக் கோப்புகள் மூன்று ஹார்டு டிஸ்க் மாறிவிட்டன. போன மாதம் உட்கார்ந்து எல்லாவற்றையும் சோதித்தேன். எல்லாம் பொருந்தின. பிறகு சுருதி பிசகிய அந்தக் கேசட்டை எடுத்து டேப்பில் போட்டேன். ஓடியது, சத்தம் மட்டும் வரவில்லை. நாடாவை ஹெட்டோடு அழுத்திப் பிடிக்கும் சின்ன ஃபெல்ட் துண்டு, பசை காய்ந்து டப்பாவுக்குள் உதிர்ந்து கிடந்தது.